‘இந்தப் புள்ள என்ன ஆளுங்க?’: பிரசன்ன விதானகேயின் படங்களை எளாவூரில் வைத்துப் பார்த்தது

எளாவூர் சேரியில் இரவுப் பள்ளி நடக்கிற கொட்டகையில் வெள்ளை வேட்டியைக் கட்டி, இரவல் வாங்கி வந்த புரொஜக்டரில் ஒரு சிங்களப் படத்தைப் போட்டோம். சிங்களப் படமா, அதுவும் இங்கேயா என்று கேட்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எங்க ஊருக்கும் கும்மிடிப்பூண்டிக்கும் ரயிலில் ஒரு ஸ்டேஷன்தான். அங்கே ஈழத்திலிருந்து வந்த சனங்களின் முகாம் இருக்கிறது. 2021-ல் அரசு ‘அகதிகள் முகாம்’ என்பதை ‘மறுவாழ்வு முகாம்’ என்று மாற்றியது. பெயர் மாறியது, குடியுரிமை பெரும்பாலோருக்கு இன்னும் வரவில்லை. முகாம் ஆட்கள் பெயிண்டிங் வேலைக்கு எங்க பக்கம் வருவார்கள். அப்படிப் பழக்கமான ஒரு அண்ணன் தன் வீட்டுச் சனத்தையும் கூட்டிக்கொண்டு அன்றைக்கு வந்திருந்தார்.

படம் ‘ஒப நாதுவ ஒப எக்க’. ‘நீயில்லாமல், உன்னோடு’ என்று தமிழில் சொல்லலாம். 2012-ல் வந்தது. இயக்கியவர் பிரசன்ன விதானகே. சிங்கள வசனத்துக்குக் கீழே ஓடுகிற இங்கிலீஷ் எழுத்தை நான் வாய்விட்டுத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன். சிங்களம் தெரிந்த முகாம் அண்ணன் இரண்டு மூன்று இடத்தில் ‘அப்பிடி இல்ல தம்பி’ என்று திருத்தினார். எம்.ஏ. தமிழ் படித்த வாய் அன்றைக்கு அவரிடம் பாடம் படித்தது.

படம் முடிந்தது. யாரும் பேசவில்லை. கொசு அடிக்கிற சத்தம்தான். அப்போது முகாமிலிருந்து வந்த அக்கா ஒருவர், வயது ஐம்பதுக்கு மேல் இருக்கும், மெதுவாகக் கேட்டார்: “எல்லாஞ் சரி தம்பி. இந்தச் செல்விப் புள்ள என்ன ஆளுங்க?”

சிரித்துவிட்டார்கள். சாதி ஒழியணும்னு பேசுற இடத்துல வந்து சாதி கேக்குறாங்களே என்று ஒரு பையன் சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபது வருஷமாகப் போர்ப் படங்கள் எடுத்த ஒரு கலைஞனைப் பார்த்து அக்கா கேட்டது, எந்த விமர்சகரும் கேட்காத கேள்வி என்று பட்டது. அந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு அவருடைய மற்றப் படங்களையும் தேடிப் பார்த்தேன்.

அதற்கு முன்னால் என் தவறு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 2014 ஜூனில் இதே படம் சென்னையில் ஓட வேண்டியது. மிரட்டல் வந்தது, மல்டிபிளெக்ஸில் காட்சியை நிறுத்திவிட்டார்கள். முள்ளிவாய்க்கால் முடிந்து ஐந்து வருஷம் ஆகியிருந்த நேரம். ‘சிங்களவன் எடுத்த படம், சிப்பாயைத் தமிழ்ப் பெண் காதலிக்கிற மாதிரி எடுத்திருக்கான், நிறுத்துனது சரிதான்’ என்று டீக்கடையில் உரக்கப் பேசியவர்களில் நானும் ஒருவன். படத்தைப் பார்க்கவில்லை, பார்க்காமலே பேசினேன். பார்க்காமல், தொடாமல், கிட்டப் போகாமல் ஒன்றைத் தீட்டு என்று தள்ளி வைப்பது யாருடைய வழக்கம்? என்னை ஊர் எந்த வழக்கத்தால் தள்ளி வைத்ததோ அதே வழக்கத்தால் நான் ஒரு படத்தைத் தள்ளி வைத்தேன். பல வருஷம் கழித்துத்தான் இது உறைத்தது.

விதானகே 1962-ல் பாணந்துறையில் பிறந்தவர். நாடகத்திலிருந்து வந்தவர். முதல் படம் ‘சிசில கினி கனி’ 1992-ல். ‘அனந்த ராத்திரிய’ டால்ஸ்டாயின் ‘புத்துயிர்ப்பு’ நாவலை ஒட்டியது. தான் கெடுத்த பெண்ணின் வழக்கிலேயே நீதி சொல்ல உட்காருகிறவனின் கதை. செய்த குற்றம் பல வருஷம் கழித்துத் திரும்பி வந்து வாசலில் நிற்பது என்கிற விஷயம் அங்கேயே தொடங்கிவிட்டது. ‘பவுரு வளலு’, ‘ஆகாச குசும்’ இரண்டும் பெண்களைப் பற்றியவை. நல்ல படங்கள்தான், இங்கே அவற்றை விட்டுவிடுகிறேன். நம் காரியத்துக்கு முக்கியமானது 1997-ல் எடுத்த ‘புரஹந்த களுவர’, பௌர்ணமி நாளின் இருட்டு.

வறண்ட வலயத்து ஏழைக் கிராமம். மழை இல்லை. கண் தெரியாத கிழவர் வன்னிஹாமி. மகன் பட்டாளத்தில். ஒருநாள் மகனை சீல் வைத்த பெட்டியில் கொண்டுவந்து இறக்குகிறார்கள். திறக்கக் கூடாது என்பது உத்தரவு. அரசாங்க மரியாதையோடு புதைக்கிறார்கள். கிழவர் மட்டும் மகன் செத்ததை ஒப்புக்கொள்ளவில்லை. நஷ்டஈட்டுப் பாரத்தில் கைநாட்டு வைக்க மாட்டேன் என்கிறார். அந்தப் பணம் வந்தால் பாதியில் நிற்கிற வீட்டை முடிக்கலாம், மகள் கல்யாணம் நடக்கும். கிராம அதிகாரி முதல் ஊரே வந்து சொல்கிறது. கிழவர் அசையவில்லை. கடைசியில் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போய்த் தோண்டுகிறார். பெட்டிக்குள் மகன் இல்லை. பாரத்துக்குப் போட்டு வைத்தது மட்டும்தான் இருக்கிறது.

இந்தப் படத்தில் துப்பாக்கிச் சத்தம் கிடையாது. போர்க்களம் கிடையாது. தமிழர் ஒருவரும் கிடையாது. தேசத்துக்காகச் செத்தான் என்கிற பெருங்கதையாடல் ஒரு பெட்டியாக வந்து வாசலில் இறங்குகிறது. கண் தெரியாத ஒரு கிழவர் அதைத் திறந்து உள்ளே ஒன்றுமில்லை என்று காட்டுகிறார். சிரிப்பு நடிகராகவே பேர் வாங்கிய ஜோ அபேவிக்ரம அந்தக் கிழவராக நடித்தார். 1999-ல் சிங்கப்பூர் விழாவில் சிறந்த நடிகர் விருது அவருக்குக் கிடைத்தது. விருதை விடுங்கள். அவர் பாரத்தைத் தடவிப் பார்த்துத் திருப்பிக் கொடுக்கிற கையைப் பார்த்தபோது எனக்கு எங்க தாத்தா ஞாபகம் வந்தது. கைநாட்டு வாங்க வருகிறவர்களைக் கண்டாலே கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொள்கிற ஆள் அவர். கைநாட்டு வைத்து நிலம் இழந்த சாதிக்குக் கைநாட்டு என்றால் என்னவென்று தெரியும்.

படம் 2000-ல் தியேட்டருக்கு வர இருந்தது. ஆனையிறவு முகாம் புலிகளிடம் விழுந்த வருஷம். பட்டாளத்தின் மனம் உடைந்துபோகும் என்று சொல்லி அமைச்சர் உத்தரவில் நிறுத்தினார்கள். விதானகே வழக்குப் போட்டார். 2001-ல் அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் படத்தைத் திரையிடச் சொன்னது. அங்கே அரசு அவருடைய படத்தை நிறுத்தியது ‘நம் பட்டாளத்தை அவமானப்படுத்துகிறான்’ என்று. பதினான்கு வருஷம் கழித்து இங்கே நாம் நிறுத்தியது ‘அவன் பட்டாளத்தை நல்லவனாகக் காட்டுகிறான்’ என்று. இரண்டு பக்கத்துத் தேசியமும் ஒரே ஆளை எதிரி என்கிறது என்றால் அந்த ஆள் ஏதோ சரியாகச் செய்திருக்கிறார் என்றுதான் அர்த்தம்.

ஆனாலும் வன்னிஹாமி யார்? ஏழை. விவசாயி. சிங்களர். பௌத்தர். இதற்கு மேல் படம் சொல்லவில்லை. கொழும்பில் கறுவாத்தோட்டத்துப் பிள்ளைகள் சீல் வைத்த பெட்டியில் வரவில்லை, மழை பெய்யாத ஊர்ப் பிள்ளைகள்தான் வந்தார்கள் என்கிற வர்க்க உண்மையைப் படம் கூர்மையாகச் சொல்கிறது. சிங்களச் சமூகத்திலும் கொவிகம, கராவ, பத்கம, பெரவா என்று அடுக்கு இருக்கிறது என்பதை அது சொல்லவில்லை. பௌத்தத்தில் சாதி இல்லை என்று சொல்கிற தேசத்தில் பிக்கு நிக்காய்களே சாதி பார்த்துப் பிரிந்து கிடக்கின்றன. இதெல்லாம் விதானகேவுக்குத் தெரியாதா? தெரியும். அந்தக் காலத்தில் போர் என்கிற பெரிய வெளிச்சத்தில் மற்றக் கோடுகள் அவர் கண்ணுக்கே மங்கிவிட்டன என்று நினைக்கிறேன். நம்மூர் இடதுசாரித் தோழர்கள் வர்க்கம் என்று சொல்லிச் சொல்லிச் சேரியைத் தாண்டிப் போனது மாதிரி.

2003-ல் வந்த ‘இர மதியம’ அடுத்த கட்டம். மூன்று கதைகள். காணாமல்போன விமானி கணவனைத் தேடுகிற மனைவி. விடுப்பில் வந்து அநுராதபுரத்தில் விபச்சார விடுதிக்குப் போய் அங்கே தன் தங்கையையே பார்த்துவிடுகிற சிப்பாய். நாயை விட்டுப் பிரிய மனமில்லாத ஒரு முஸ்லிம் சிறுவன். மூன்றாவது கதைதான் நம் பக்கத்துக்குப் பதில் சொல்லக் கடினமானது. 1990 அக்டோபரில் புலிகள் வடமாகாணத்து முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். 70,000-க்கும் மேற்பட்ட சனம். யாழ்ப்பாண நகரத்தில் இரண்டு மணி நேரம்தான் கெடு. தமிழ் பேசுகிற சனத்தைத் தமிழின் பேரால் துரத்தினார்கள். இதைச் சினிமாவில் முகத்துக்கு நேரே காட்டியவர் ஒரு சிங்களர். கோடம்பாக்கத்தில் ஈழத்தைப் பற்றி எடுத்த எத்தனை படத்தில் அந்தச் சிறுவன் வருகிறான்? ‘எதிரி சொல்கிறான், எதற்குக் கேட்க வேண்டும்’ என்பார்கள். முதலில் தன் பட்டாளத்துப் பெட்டியைத் திறந்து காட்டிவிட்டுத்தான் அவர் அடுத்த வீட்டுப் பக்கம் திரும்பினார் என்பதை நாம் மறந்துவிடக் கூடாது.

இந்த இடத்தில் ஈரான் படம் ஒன்றைச் சொல்கிறேன். பஹ்ராம் பேய்ஸாய் எடுத்த ‘பாஷு’. ஈரான்-இராக் போர் நடந்துகொண்டிருந்தபோதே எடுத்தது. 1989-ல்தான் வெளியே விட்டார்கள். தெற்கில் குண்டு விழுந்து குடும்பத்தை இழந்த ஒரு கறுத்த பையன் லாரியில் ஏறி வடக்குக் கிராமத்துக்கு வந்து சேருகிறான். அங்கே நாயி என்கிற பெண் அவனுக்குச் சோறு போடுகிறாள். அவன் பேச்சு அவளுக்குப் புரியாது. கறுப்பை அழுக்கு என்று நினைத்து அவனைப் போட்டுத் தேய் தேய் என்று தேய்க்கிறாள். வெளியே தேசத்துக்கும் தேசத்துக்கும் போர் நடக்கையில், உள்ளே ஒரே தேசத்துச் சனம் ஒரு பையனின் தோலைப் பார்த்து முகம் சுளிப்பதைப் பேய்ஸாய் பார்த்தார். போரைப் படம் எடுக்கிற யாருக்கும் இதுதான் சோதனை: எதிரி யார் என்று தெரிந்துவிடுகிறது, ஆனால் ‘நம்மவர்’ என்கிற கூட்டத்துக்குள் யாரைத் தேய்த்துக் கழுவுகிறோம் என்பது?

இப்போது அக்கா கேட்ட படத்துக்கு வருகிறேன். தாஸ்தயெவ்ஸ்கியின் ஒரு குறுநாவலைத் தழுவிய கதை. மலைநாட்டில் அடகுக்கடை வைத்திருக்கிற சரத்சிறி. வடக்கிலிருந்து பெற்றோரால் உயிர் தப்ப அனுப்பி வைக்கப்பட்டு அங்கே வந்து சேர்ந்திருக்கிற செல்வி. நகையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொண்டுவந்து அடகு வைக்கிறாள். அவளை ஒரு வயதான பணக்காரனுக்குக் கட்டி வைக்கப் பார்க்கிறார்கள். சரத்சிறி தானே கேட்கிறான், கல்யாணம் நடக்கிறது. அவன் பேசாத ஆள். காசு எண்ணுவான், டி.வி.யில் மல்யுத்தம் பார்ப்பான். ஒருநாள் பழைய சிநேகிதன் வருகிறான். கணவன் பட்டாளத்தில் இருந்தவன் என்பது தெரியவருகிறது. அதோடு நிற்கவில்லை. தமிழ்ப் பெண் ஒருத்தியைக் கெடுத்துக் கொன்ற சிப்பாய்களைக் காப்பாற்றப் பொய்ச் சாட்சி சொன்னவன் அவன். அதற்குப் பிறகு அந்த வீட்டில் ஒரு கட்டிலில் இரண்டு பேர் படுத்திருப்பதே ஒரு போர். அவன் மன்னிப்புக் கேட்கிறான். அவள் மன்னிக்கவும் முடியாமல் வெறுக்கவும் முடியாமல் போய், மாடியிலிருந்து விழுந்து சாகிறாள்.

செல்வியாக நடித்த அஞ்சலி பாட்டீலுக்கு 2012-ல் கோவாவில் வெள்ளி மயில் விருது கிடைத்தது. தகும். ஆனால் என்னைப் பிடித்து நிறுத்தியது அடகுக்கடைதான். ஒரு தேசம் இன்னொரு தேசத்தின் நகையை வாங்கி வைத்துக்கொண்டு வட்டி கேட்கிற இடம் அது. அவன் அவளை நேசிக்கிறான், உண்மையாகவே நேசிக்கிறான், ஆனாலும் கல்லாவுக்கு இந்தப் பக்கம் அவன், அந்தப் பக்கம் அவள். தோற்றவர்கள் வந்து கையேந்துகிற மேசையில் வென்றவனின் அன்பு எப்படி இருக்கும் என்பதை இவ்வளவு அடங்கிய குரலில் வேறு யாரும் சொல்லவில்லை. 2014-ல் நான் சொன்ன ‘சிப்பாயை நல்லவனாகக் காட்டுகிறான்’ என்பது எவ்வளவு அபத்தம்! அந்தச் சிப்பாய்க்கு மன்னிப்பு கிடையாது என்பதுதான் படமே.

சரி, செல்வி என்ன ஆளுங்க?

அக்கா கேட்டதன் பின்னால் ஒரு வரலாறு இருக்கிறது. அவருடைய பாட்டன் தேயிலைத் தோட்டத்துக்குக் கூலியாகக் கப்பலேறியவர். 1948-ல் குடியுரிமைச் சட்டம் வந்து அந்தச் சனத்தை நாடில்லாதவர்கள் ஆக்கியது. 1964-ல் சிறிமாவும் சாஸ்திரியும் உட்கார்ந்து தலையை எண்ணிப் பிரித்தார்கள்; 5,25,000 பேர் இந்தியாவுக்கு. அக்காவின் குடும்பம் கலவரத்துக்குப் பயந்து லயத்தை விட்டு வன்னிக்குப் போனது. அங்கே யாழ்ப்பாணத்துக் காணிக்காரரின் வயலில் கூலி. “அங்க எங்கள தோட்டக்காட்டான்னுதான் சொல்லுவாங்க” என்றார். அங்கிருந்து போர் விரட்டி, படகேறி, கும்மிடிப்பூண்டி. தோட்டத்துக்குப் போன சனத்தில் பெரும்பகுதி நம் சனம்தான் என்பதை இந்த இதழின் வாசகர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

படத்தில் சரத்சிறியின் வீட்டில் வேலை செய்கிற தமிழ்ப் பெண் ஒருத்தி இருக்கிறாள், தோட்டத்துப் பெண். சோறாக்குகிறாள், கதவு திறக்கிறாள். சுற்றிலும் தேயிலை மலை அழகாக விரிந்து கிடக்கிறது. செல்வியின் துக்கத்துக்கு அந்த மலை பின்னணி. அந்த மலையை உண்டாக்கின சனம் பின்னணியிலும் பின்னணி. செல்வி வீட்டுக்காரி ஆனதும் அந்த வேலைக்காரப் பெண்ணுக்கும் அவளுக்கும் நடுவில் என்ன இருந்தது? இரண்டு பேரும் தமிழ்தானே? ஒரே தம்ளரில் தண்ணீர் குடித்தார்களா? விதானகே கேட்கவில்லை. அவருடைய கண்ணுக்குச் செல்வி ‘தமிழ்ப் பெண்’. அக்காவின் கண்ணுக்கு அது பாதிப் பதில்.

கே. டானியல் உயிரோடிருந்தால் இந்தக் கேள்வியைச் சத்தமாகவே கேட்டிருப்பார். ‘பஞ்சமர்’ எழுதிய அந்த மனுஷன் 1986-ல் நம் தஞ்சாவூரில் வந்து செத்தார், அங்கேதான் புதைந்தும் கிடக்கிறார். 1968-ல் மாவிட்டபுரம் கந்தசாமி கோயில் வாசலில் உள்ளே விடு என்று நின்றவர்களை அடித்தது சிங்களப் பட்டாளம் அல்ல. இதைச் சொன்னால் இனப் போராட்டத்தைக் காட்டிக்கொடுக்கிறாய் என்பார்கள். காட்டிக்கொடுப்பதற்கு நாங்கள் எப்போது உள்ளே இருந்தோம்?

விதானகே சாதிக்கு வந்தார். ஆனால் இருநூறு வருஷம் பின்னால் போய் வந்தார். 2019-ல் எடுத்த ‘காடி’. வண்டி என்று நினைத்துவிடாதீர்கள். ரொடியர் என்று ஊர் தள்ளி வைத்த சனம் தங்களைத் தாங்களே சொல்லிக்கொள்கிற பேர் அது. 1814, கண்டி. மன்னன் ஸ்ரீ விக்ரம ராஜசிங்கனுக்கு எதிராகப் பிரபுக்கள் சதி செய்து தோற்கிறார்கள். தண்டனை என்ன தெரியுமா? பிரபுக்களின் பெண்டாட்டிகளும் பெண்களும் ஒன்று குளத்தில் விழுந்து சாக வேண்டும், இல்லையென்றால் ரொடியர் கையில் ஒப்படைக்கப்படுவார்கள். ஒவ்வொருத்தியாகத் தண்ணீரில் இறங்குகிறார்கள். திகிரி என்கிற இளம்பெண் மட்டும் சாகத் தயங்குகிறாள். விஜயா என்கிற ரொடி இளைஞனிடம் அவளைக் கொடுத்துவிடுகிறார்கள்.

இது இயக்குநரின் கற்பனை இல்லை. கண்டியில் இருபது வருஷம் கைதியாக இருந்த ராபர்ட் நாக்ஸ் என்கிற வெள்ளைக்காரர் 1681-ல் அச்சான தன் புத்தகத்தில் இந்த வழக்கத்தை எழுதியிருக்கிறார். எந்தச் சாவையும்விடப் பெரிய தண்டனையாக இதை நினைத்தார்கள் என்கிறார். யோசித்துப் பாருங்கள். தூக்கு இல்லை, கழுவேற்றம் இல்லை. நம்மோடு சேர்ந்து வாழ விடுவது. நம் குடிசையில் படுத்து, நம் பானையில் சாப்பிடுவது. ஒரு அரசாங்கம் தன் எதிரிக்குக் கொடுக்க முடிந்த உச்சபட்ச தண்டனை, நாம்!

இந்தக் காட்சியை நான் தனியாகத்தான் பார்த்தேன். பார்த்ததும் ஏழெட்டு வருஷத்துக்கு முன்னால் எங்க ஊர்ப் பக்கம் நடந்த ஒன்று முன்னால் வந்து நின்றது. பழவேற்காட்டு ஏரியில் ‘பாடு’ என்று ஒரு முறை உண்டு. எந்த இடத்தில் எந்த நாள் யார் வலை கட்டுவது என்று முறை வைத்துப் பிரித்துக்கொள்வது. பட்டணவர் ஊர்களின் தலைக்கட்டுகளுக்கு முறை வரும், எங்களுக்கு வராது. எங்க அம்மா ஓரத் தண்ணியில் உட்கார்ந்து கையால் இறால் தடவிப் பறியில் போட்டுத்தான் என்னைப் படிக்க வைத்தது. ஏரியைப் பற்றி ‘பாரம்பரிய மீனவர்’ என்று ஆய்வுக் கட்டுரை எழுதுகிறவர்கள் அம்மாவைக் கணக்கில் சேர்ப்பதில்லை, அது வேறு கதை. ஏரிக்கரைக் குப்பம் ஒன்றிலிருந்து ஒரு பெண் எங்க சேரிப் பையனைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டாள். மூன்றாம் நாள் அந்தப் பெண்ணின் அம்மா வந்தது. சேரிக்குள் வரவில்லை. ரோட்டு முனையில் நின்றபடியே கத்தியது: “ஏரியில வுழுந்து செத்திருந்தா ஊருக்கே சோறு போட்டிருப்பேனே, இங்க வந்து வாழுறியே!” அந்த அம்மாவும் காலையில் கூடை தூக்கி மீன் விற்கிறதுதான். எங்களைவிடப் பணக்காரர் இல்லை. கண்டி ராஜ்ஜியத்துக் குளத்துக்கும் எங்க ஏரிக்கும் அப்படி ஒன்றும் தூரம் இல்லை.

ஆகவே ‘காடி’யை எடுத்ததற்கு விதானகேவுக்கு நான் கடன்பட்டவன். எகலப்பொல பிரபுவின் மனைவியைக் குளத்தில் தள்ளிக் கொன்ற கதை சிங்களப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரியும். தமிழ் பேசும் ராஜாவின் கொடுமை என்று சொல்லிக் கொடுப்பார்கள். செத்தவளைத் தேசம் தெய்வமாக்கிவிட்டது. சாகாமல் ரொடியரோடு போனவளைப் பற்றி ஒருவரும் பேசியதில்லை. விதானகே அவளை எடுத்தார்.

ஆனால் யாருடைய கண்ணால் எடுத்தார்? ரொடிப் பெண்கள் மார்பை மூடக் கூடாது என்பது அங்கே கட்டளை. திகிரி மறுக்கிறாள். படத்தின் போராட்டமே அவளுடைய அந்த மறுப்புதான். விஜயா மெல்ல மெல்ல அவள் பக்கம் நிற்கக் கற்றுக்கொள்கிறான். பார்க்கிறவர்களுக்கு உடம்பு சிலிர்க்கும். எனக்கு ஒரு சந்தேகம். அத்தனை நூறு வருஷத்தில் மேல்துணி கேட்ட ரொடிப் பெண் ஒருத்திகூடவா இல்லை? பிரபு வீட்டுப் பெண் வந்து இறங்கினால்தான் மானம் என்பது என்னவென்று அந்தச் சனத்துக்குத் தெரியவருமா? திருவிதாங்கூரில் தோள்சீலைக்காகச் சண்டை போட்டது சாணார் பெண்களே. அடி வாங்கினார்கள், துணியைக் கிழித்தார்கள், மறுபடி போட்டுக்கொண்டு சந்தைக்குப் போனார்கள். 1859-ல் ராஜா இறங்கி வந்தார். மேலிருந்து விழுந்த ஒருத்தி வந்து அவர்களுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. விழுந்தவளின் வலி சினிமாவுக்குச் சுலபமாகக் கிடைக்கிறது, ஏனென்றால் பார்க்கிறவரும் அந்த உயரத்தில் உட்கார்ந்திருக்கிறார். தரையிலேயே பிறந்தவளின் கோபத்துக்குக் கேமராவைத் தரையில் வைக்க வேண்டும்.

நம் பக்கத்துக்கும் ஒரு வார்த்தை. அந்த ராஜசிங்கனை வெள்ளைக்காரன் 1815-ல் பிடித்து வேலூர்க் கோட்டைக்குக் கொண்டுவந்தான். 1832-ல் இங்கேயே செத்தார். பாலாற்றங்கரையில் முத்து மண்டபம் இருக்கிறது. ‘கண்டியை ஆண்ட கடைசித் தமிழ் மன்னன்’ என்று பெருமையாகப் போஸ்டர் ஒட்டுகிறவர்கள், அவர் ஆட்சியில் ரொடியர் என்னவாக இருந்தார்கள் என்று ஒருநாளும் கேட்டதில்லை. கேட்டால் பெருமை கொஞ்சம் குறையும்.

கடைசியாக வந்தது ‘பாரடைஸ்’, 2023. ‘காடி’யில் எனக்கு இருந்த மனக்குறையை இது பாதி தீர்த்தது. 2022-ல் இலங்கை பெட்ரோலுக்கும் மருந்துக்கும் வரிசையில் நின்ற நேரம். கேரளத்திலிருந்து ஒரு புருஷன் பெண்டாட்டி ராமாயண இடங்களைச் சுற்றிப் பார்க்கப் போகிறார்கள். நாடு மலிவாகிவிட்டது, வசதி. இரவில் அவர்களுடைய லேப்டாப்பும் போனும் திருட்டுப் போகிறது. அந்த ஆள் போலீசைப் போட்டு நெருக்குகிறான். போலீஸ் என்ன செய்யும்? பக்கத்துத் தோட்டத்தில் புகுந்து தமிழ்ப் பையன்களை அள்ளிக்கொண்டு வருகிறது. இவர்கள்தானா, சொல்லு. இந்தியாவிலிருந்து போன படித்த மனிதன் கையை நீட்டுகிறான். ஒரு பையன் லாக்கப்பில் செத்துப்போகிறான்.

2012-ல் பின்னணியாக இருந்த தோட்டத்துச் சனம் பதினோரு வருஷம் கழித்து முன்னால் வந்து நிற்கிறது. குற்றவாளியாகத்தான் வந்து நிற்கிறது, அதுதான் உண்மை. இந்த முறை விரல் நீட்டுகிறவன் சிங்களன் இல்லை, புலி இல்லை. சுற்றுலா போன நாம். தன் பக்கத்துப் பெட்டியைத் திறந்து, அடுத்த பக்கத்துக் கெடுவைக் காட்டி, பிறகு கடல் தாண்டிய நம் கையையும் பிடித்துத் தூக்கிக் காட்டுகிற இடத்துக்கு இந்த ஆள் முப்பது வருஷத்தில் வந்திருக்கிறார். இப்போதும் அந்தப் பையனின் வீடு, அவன் அம்மா, லயத்துக்குள் என்ன பேச்சு என்பதற்குள் கேமரா அதிகம் போகவில்லை. மனசாட்சி உறுத்துகிற மனைவியின் முகத்தில்தான் படம் முடிகிற வரைக்கும் நிற்கிறது.

இதையும் கொட்டகையில் போட்டோம். அக்கா வந்திருந்தார். அடையாளம் காட்டுகிற காட்சி வந்தது. பையன்களை வரிசையில் நிறுத்தி வைத்திருக்கிறார்கள். அக்கா எழுந்து சேலையை உதறினார்.

“என்னாக்கா, இன்னும் படம் முடியலையே.”

“நாளைக்குக் காலைல முகாம்ல செக்கிங்கு தம்பி. நாங்களும் இப்பிடித்தான் வரிசையா நிக்கணும்” என்றார். ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று பெயிண்டர் அண்ணனும் கூடவே கிளம்பினார்.

அவர் பார்க்காமல் விட்ட மீதியை இன்னொரு நாள் போட வேண்டும். ‘காடி’யையும் போட வேண்டும். அதற்கு ஏரிக்கரைக் குப்பத்துப் பிள்ளைகளையும் கூப்பிடலாமா என்று எங்களுக்குள் பேச்சு நடக்கிறது. கூப்பிட்டால் வருவார்கள் என்கிறான் இரவுப் பள்ளி நடத்துகிற பையன். “எங்க, சேரிக்குள்ளயா?” என்கிறாள் என் தங்கை.